லாசப்பலில் ஒரு கிரேக்கக் கமராக்காரர்

ஒரேயொரு ஊரிலே ஒரேயொரு ராசாவாம், அவருக்கு ஊர் உலகம் காணாத கலியாணமாம், வீடியோ எடுக்காதபடியால் அது நடக்கவேயில்லையாம்.

அம்மப்பா எனக்குச் சொன்ன கதைகளில் இந்தக் கடைசித் துண்டு இருக்கவில்லை. பாரிசில் எங்கள் ஆட்களின் கடைத்தெருவான லாசப்பலில் வேலைக்குச் சேர்ந்த பிறகு நானே ஒட்டிக்கொண்டது. கலியாண வீடும் சாமத்திய வீடும் படம்பிடித்துச் சீவிக்கும் என் சக பாவிகளே, ட்ரெயிலருக்கு ஏற்ற பாட்டுத் தேடி மூளை கலங்கியவர்களே, உங்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

சீலைக்கடைக்கு மேலே, ஏணி மாதிரி நிமிர்ந்த படியில் ஏறினால் சிறி அண்ணையின் ஸ்டூடியோ. அங்கே நான் இரண்டாவது கமரா. பிறந்து வளர்ந்தது பாரிசில் என்பதால் மொழிபெயர்ப்பும் என் தலையில். என் குரல் மெல்லியது. ஹோலில் நின்று "கொஞ்சம் விலகுங்கோ" என்று சொன்னால் அது எனக்கே கேட்காது. எழுத்தில் என்றால் யாரும் குறுக்கே வந்து நிற்க முடியாதல்லவா? முதலாவது கமரா ஒரு கிரேக்கர். கதை அவரைப் பற்றியது.

வேலை கேட்டு வந்த நாள்

அவர் பெயர் தனாசிஸ். அறுபது தாண்டிய ஆள். எங்கள் ஆட்கள் ஒரு கிழமைக்குள் அவரைத் "தனா அண்ணை" ஆக்கிவிட்டார்கள். கிரீசில் சினிமாவுக்கு ஒளிப்பதிவு செய்தவர். எப்படிப்பட்ட சினிமா என்றால், கதாநாயகன் ஜன்னலடியில் நிற்பான், கையிலிருக்கும் கோப்பி ஆறி ஆடை படியும், அதற்குப் பிறகுதான் அவன் வாய் திறப்பான். நாட்டில் காசு முடிந்தபோது முதலில் நின்றது அந்தப் படங்கள்தான். பாரிசுக்கு வந்து சலவைத்தூள் விளம்பரம் எடுத்தார். பிறகு அதற்கும் இளம் ஆட்கள் வந்துவிட்டார்கள்.

பாரிசின் புறநகர் பொபினியில் ஒரு கூட்டாளியின் சோபாவில் படுத்துக்கொண்டு, ஒபர்வில்லியேயில் ஓர் அறையைப் பார்த்து வைத்திருந்தார். பாரிசில் வீடு தேடி அலைந்தவர்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை. நிரந்தர வேலை ஒப்பந்தம் இல்லாதவனுக்கு வீட்டுக்காரர் கதவுச் சங்கிலியைக்கூடக் கழற்றமாட்டார். சிறி அண்ணை போட்ட நிபந்தனை இது: கோடை முடியும்வரை சோதனைக் காலம். அதைத் தாண்டினால் நிரந்தர ஒப்பந்தம், அறை, தனாசிசுக்குச் சொந்தமாக ஒரு கட்டில். தாண்டாவிட்டால் பழையபடி சோபா.

தன் திறமையைக் காட்ட அவர் கொண்டுவந்த படத்துண்டில் ஒரு பெண் தோடம்பழம் உரிக்கிறாள். வேறொன்றும் நடக்கவில்லை. வெளியே பொழுது படுகிறது, அவள் உரித்துக்கொண்டே இருக்கிறாள், அறை இருண்டு கடைசியில் பழம் மட்டும் தெரிகிறது. சிறி அண்ணை கதிரையில் நிமிர்ந்திருந்து முழுவதையும் பார்த்தார். பிறகு என்னிடம் திரும்பிச் சொன்னார்: "படம் நல்லாத்தான் கிடக்கு பிள்ளை. ஆனா அந்த மனிசி என்ன உடுத்திருக்கிறா எண்டு தலையிலிருந்து கால்வரை ஒருக்காக்கூடக் காட்டேல்லையே."

மற்றக் கன்னம்

முதல் வேலை ஸ்தேனில் ஒரு சாமத்திய வீடு. வயதுக்கு வந்த பிள்ளை ஒரு பெரிய தாமரைப் பூவுக்குள்ளிருந்து வெளிப்பட வேண்டும். தாமரை மோட்டாரில் விரியும், அடியிலிருந்து புகை கிளம்பும், மேலேயிருந்து மினுக்கத் தாள் கொட்டும். வீட்டுக்குள் நடந்த ஒரு சின்ன விஷயத்தை ஊருக்கு அறிவிக்க இதைவிட அடக்கமான வழி எங்கள் ஆட்களுக்குத் தோன்றவில்லை.

புகை கூடிப்போய்த் தீயெச்சரிக்கை மணி அடித்தது. பட்டுச் சீலைகளும் கோட்டுச் சூட்டுகளும் வாசலுக்கு ஓடின. தாமரை பாதி விரிந்து இறுகிவிட்டது. அதற்குள் ஒரு பிள்ளை இருக்கிறது என்ற நினைவு ஒருத்தருக்கும் வரவில்லை. தனாசிஸ் மட்டும் நின்றார். காப்பாற்றத்தான் நின்றார் என்று நினைத்துவிடாதீர்கள். திறந்து கிடந்த கதவால் வந்த வெயில் புகைக்குள் நுழைந்து பிள்ளையின் ஒரு கன்னத்தில் விழுந்திருந்தது. மற்றக் கன்னம் இருட்டு. பிள்ளை முதலில் பயந்தது, பிறகு சலித்தது, பிறகு தன்பாட்டில் வாயைப் பொத்திச் சிரித்தது. அவர் ஆடாமல் அசையாமல் அதை எடுத்துக்கொண்டிருந்தார். பிள்ளையைக் கையைப் பிடித்து இறக்கிவிட்டது நான்.

அந்த நாள் முழுவதிலும் அந்தப் பிள்ளை பிள்ளையாக இருந்தது அந்தக் கொஞ்ச நேரம்தான். தாய் ஸ்டூடியோவுக்கு வந்து, திரையில் விரலை வைத்துக் கேட்டார்: "உந்தப் பக்கத்துக் கன்னத்துக்கும் சேர்த்துத்தானே மேக்கப் போட்டது, அது எங்கை?"

சாப்பாட்டுக் காட்சி

சாப்பாட்டுக் காட்சி இல்லாத கலியாண வீடியோ எங்களிடம் விலைபோகாது. யார் வந்தார்கள், யார் வரவில்லை, வந்தவர் யாருக்குப் பக்கத்தில் இருந்தார் என்பதைக் கனடாவிலும் யாழ்ப்பாணத்திலும் நிறுத்தி நிறுத்திப் பார்ப்பார்கள். கமரா மேசையடிக்கு வந்ததும் எங்கள் ஆட்கள் என்ன செய்வார்கள் என்று உங்களுக்குத் தெரியும். அப்படியே உறைந்துவிடுவார்கள். வாய்க்குப் போன கை பாதிவழியில் நிற்கும். மென்றது கன்னத்துக்குள் நிற்கும். போட்டோவுக்கு நிற்கிற மாதிரியே வீடியோவுக்கும் நிற்பார்கள். நாங்கள் ஒவ்வொரு முகமாகத் தடவிக்கொண்டு அடுத்த மேசைக்குப் போவோம். பின்னால் மறுபடி மெல்லுகிற சத்தம் கேட்கும்.

தனாசிசுக்கு இதை யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. நானும் சொல்லவில்லை, என்ன நடக்கிறது பார்ப்போம் என்று இருந்தேன். அவர் எடுத்த முதல் கலியாண வீட்டில், முதல் மேசைக்கு நேரே கமராவை வைத்தார். உறைந்தார்கள். அவர்கள் தன்னை மறந்து சாப்பிடத் தொடங்கும்வரை பொறுப்போம் என்று அவர் நின்றார். அவர் எடுத்து முடிக்கும்வரை பொறுப்போம் என்று அவர்கள் இருந்தார்கள். சோற்றின் ஆவி அடங்கியது. கத்தரிக்காய்க் குழம்பில் எண்ணெய் மேலே மிதந்து வந்தது. ஒரு கைக்குழந்தை மட்டும் அப்பளத்தை நொறுக்கிக்கொண்டிருந்தது, அதன் கையையும் தாய் பிடித்துவிட்டார். உலகத்தில் எந்தச் சினிமாவிலும் இவ்வளவு நீளமான காட்சியை அவர் எடுத்திருக்கமாட்டார். கடைசியில் மேசைத் தலைமாட்டில் இருந்த பெரியவர், உதட்டை அசைக்காமல், சிரிப்புக் கலையாமல் சொன்னார்: "தனா அண்ணை, எடுத்து முடிஞ்சா ஒரு சொல்லுச் சொல்லுங்கோ, சோறு ஆறுது."

இருட்டுக்குக் காரணம்

சாமத்திய வீட்டுத் தாயின் முறைப்பாடும் சோற்று மேசை முறைப்பாடும் சேர்ந்ததில் சிறி அண்ணை, "இன்னும் ஒண்டு வந்தால் ஆள் சோபாவுக்குத்தான்" என்று சொல்லிவிட்டார். அந்த நேரத்தில் தனாசிசைக் காப்பாற்றியது பாண்டிச்சேரி அந்த்வான் ஐயா. பிரெஞ்சு அரசாங்க உத்தியோகத்திலிருந்து ஓய்வு பெற்றவர். கழுத்தில் எப்போதும் ஒரு பட்டுத் துண்டு. தன் கலியாணத்தின் பொன்விழாவுக்கு மாதா கோயிலில் பூசையும் பிறகு விருந்தும் வைத்தார். தனாசிசைக் கண்டதும் என்னை ஒதுக்குப்புறமாகக் கூப்பிட்டு, "ஏம்மா, இவரு நெசமாவே சினேமாக்காரரா? க்ரெக்கா?" என்று கேட்டார். ஆம் என்றேன். அதன் பிறகு அவர் மனைவியைக்கூடத் திரும்பிப் பார்க்கவில்லை. வந்தவர்களை எல்லாம் கூட்டிக்கொண்டு போய்த் தனாசிசைத்தான் காட்டினார்.

தனாசிஸ் கோயிலில் மேலதிக லைட் போட மறுத்துவிட்டார். மெழுகுதிரி வெளிச்சம் போதுமாம். போதவில்லை. அவர் கண்ணுக்கும் வயதாகிறது, அதை அவர் ஒப்புக்கொள்ளமாட்டார். படம் உண்மையிலேயே இருட்டு. வீட்டில் போட்டுப் பார்த்தபோது பேரப்பிள்ளைகள் ஒன்றும் தெரியவில்லை என்று பிரெஞ்சில் சிணுங்கின. அந்த்வான் ஐயா கையை உயர்த்தி அடக்கிவிட்டு, கறுத்த திரையைப் பெருமையோடு பார்த்துச் சொன்னார்: "வெள்ளக்காரரு எடுத்த படம், அப்படித்தான் கொஞ்சம் இருட்டா இருக்கும்."

கிரேக்கப் பக்கேஜ்

அந்த ஒரு வசனம் சிறி அண்ணையின் காதுக்கு வந்தது. அடுத்த கிழமை ஸ்டூடியோ வாசலில் ஆளுயரப் பதாகை. பின்னால் கிரேக்கத்துக் கற்தூண்கள், முன்னால் வேட்டி கட்டிய தனாசிஸ், மேலே "ஐரோப்பிய சினிமாத் தரத்தில் உங்கள் வீட்டு வைபவங்கள்", கீழே "கிரேக்கப் பக்கேஜ்" என்று விலை. பதிவு குவிந்தது. அவர் படம் எடுத்த விதத்தை யாரும் விசாரிக்கவில்லை. ஆள் வெள்ளையா என்று மட்டும் கேட்டார்கள். அவரைத் தங்கள் மகளோடு நிற்கவைத்து ஒரு போட்டோவும் எடுத்துக்கொண்டார்கள்.

தனாசிசும் பழகிக்கொண்டார். சோதனைக் காலம் குறையக் குறைய, அவர் வாயில் தமிழ் கூடியது. "சிரியுங்கோ", "கிட்ட வாங்கோ", "இன்னொருக்கால்." கனடாவிலிருந்து வந்த ஒரு மாப்பிள்ளை, கால்வாய்க் கரையில் பலூன்களைப் பிடித்துக்கொண்டு தான் மெல்ல மெல்ல ஓடிவரவேண்டும் என்றார். தோடம்பழக்காரர் மறுக்கப்போகிறார் என்று நான் ஆசையோடு பார்த்தேன். அவர் மாப்பிள்ளையைத் திரும்பத் திரும்ப ஓடவிட்டார். பலூன் பறந்து போனபோது வேறு பலூன் வாங்கிவரச் சொன்னார். எனக்கு வெறுத்துப்போய், வெட்கமாயில்லையா என்று பிரெஞ்சில் கேட்டேன். அவர் லென்சைத் துடைத்தபடி சொன்னார்: "சலவைத்தூளுக்காக ஒரு மேசைவிரிப்பை நான் நாள் கணக்கில் படமெடுத்திருக்கிறேன், இந்தப் பெடியனாவது மூச்சு விடுகிறான்."

தூணடியில் நின்றவ

சோதனைக் காலத்தின் கடைசிக் கிழமை. ஒபர்வில்லியேயில் ஹோல். கலியாணம் யாருக்கு என்று நினைக்கிறீர்கள்? சிறி அண்ணையின் தங்கை மலர் அக்காவின் மகளுக்கு. இது ஒழுங்காக முடிந்தால் திங்கட்கிழமை ஒப்பந்தத்தில் கையெழுத்து என்று அவர் தனாசிசுக்குச் சொல்லியிருந்தார். அறையின் வீட்டுக்காரருக்கும் தனாசிஸ் திங்கட்கிழமை என்றே சொல்லி வைத்திருந்தார்.

காலையில் வந்ததும் அவர் என்னிடம் கேட்டார், பெண்ணின் தாய் எந்த இடத்தில் நிற்பா என்று. நான் சமையலறைக் கதவுக்குப் பக்கத்துத் தூணைக் காட்டினேன். மலர் அக்காவின் புருசன் செத்துப் பல வருடங்கள். அவ மணவறைப் பக்கம் வரக்கூடாது. வந்தால் மகளுக்கு ஆகாதாம். பெற்றவளுக்குப் பதிலாகச் சிறி அண்ணையும் மனைவியும் மேடையிலிருந்து பெண்ணைத் தாரைவார்த்துக் கொடுப்பார்கள். துப்புரவு வேலைக்குப் போய் அந்தப் பிள்ளையைத் தனியாக வளர்த்தவவுக்குத் தூண். தாரைவார்க்கும்போது தன் மோதிரம் கமராவில் விழுகிறதா என்று கேட்டவருக்கு மேடை. நான் இதைத் தனாசிசுக்கு விளக்கினேன். அவர் "ஓம்" என்று மட்டும் சொன்னார்.

கெட்டிமேளம் முழங்கியது. அவ்வளவு சனமும் போன்களைத் தூக்கிக்கொண்டு எழும்பியது. ஒரு மாமா என் கமராவுக்கு முன்னால் கதிரைமேல் ஏறினார். நான் "மாமா, விலகுங்கோ" என்றேன். அதை யார் கேட்டார்கள்? பரவாயில்லை, தனாசிஸ் மேடையில் இருக்கிறார்தானே என்று திரும்பிப் பார்த்தேன். அவர் மேடைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். கமரா தூணைப் பார்த்திருந்தது.

மாப்பிள்ளை தாலிக்கொடியைப் பூட்டி முடித்தார். சிறி அண்ணை முதல் வேலையாக என்னிடம் வந்து கேட்டார். தாலிகட்டு இரண்டு கமராவிலும் இல்லை என்றேன். அவர் முகம் வெற்றிலை மாதிரி வாடியது, உடனேயே தெளிந்தது. "ஒரு பிரச்சினையுமில்லை. கழட்டிப்போட்டு இன்னொருக்காப் பூட்டட்டும். ஐயர், நீங்கள் அந்த மந்திரத்தைத் திரும்பச் சொல்லுங்கோ" என்றார். ஐயர் கையைத் திருப்பி நேரத்தைப் பார்த்தார், மாட்டேன் என்று சொல்லவில்லை. மாப்பிள்ளையின் தமக்கை பெண்ணின் பின்கழுத்துப் பூட்டில் கையும் வைத்துவிட்டா. அப்போதுதான் மலர் அக்கா தூணடியிலிருந்து வந்தா. நேரே மேடையில் ஏறினா. யாரும் ஆகாது என்று தடுக்கவில்லை, தடுக்க நேரமும் இருக்கவில்லை. மகளின் கழுத்தைத் தன் இரண்டு கையாலும் பொத்திக்கொண்டு சொன்னா: "அதைக் கழட்டினா எப்பிடி இருக்கும் எண்டு உங்களிலை எனக்குத்தான் தெரியும், ஒருத்தரும் கை வைக்காதையுங்கோ."

எடுத்ததும் அழித்ததும்

சனம் சாப்பிட்டுக் கலைந்த பிறகு, பின்னேர வெயில் ஹோல் ஜன்னலால் சாய்ந்து விழ, சிறி அண்ணை தனாசிசைப் பிடித்துக்கொண்டார். தாலியை விட்டுப்போட்டு எதை எடுத்தவர் என்று காட்டச் சொன்னார். மலர் அக்காவும் மேசைவிரிப்புகளை மடித்துக்கொண்டு அங்கேதான் நின்றா. தனாசிஸ் கமராவின் சின்னத் திரையில் ஓடவிட்டார்.

தூண். அதன் ஓரத்தில் மலர் அக்காவின் முகம். முன்னால் ஆட்கள் தூக்கிப் பிடித்த போன்கள், அவற்றுக்கு நடுவே ஒரு இடைவெளி. அந்த இடைவெளி அசைய அசைய அவவின் தலையும் அசைகிறது. எட்டிப் பார்க்கிறா, குனிந்து பார்க்கிறா. மேளம் உயரும்போது அவவின் கை தானாகத் தன் வெறுங்கழுத்துக்குப் போகிறது. பிறகு ஒரு சிரிப்பு. அதைப் பற்றி நான் எழுதப்போவதில்லை. எனக்கு எழுதத் தெரிந்த அளவு போதாது.

சிறி அண்ணை வாயைத் திறந்தபடி பார்த்தார். கண்ணைத் துடைத்தார். அட, இந்த மனுசனுக்குள்ளும் ஏதோ இருக்கிறது என்று நான் ஏமாந்தது அந்தத் துடைப்பில்தான். துடைத்த கையாலேயே தனாசிசின் தோளில் தட்டினார். "ட்ரெயிலரே இதிலைதான் துவங்குது! சோகப் பாட்டொண்டு போடுவம். கிரேக்கப் பக்கேஜ் பிச்சுக்கொண்டு போகும். திங்கக்கிழமை வந்து கையெழுத்தைப் போடச் சொல்லும் பிள்ளை." நான் மொழிபெயர்த்தேன். தனாசிசின் முகம் இளமையானது. வேலைக்காக அவர் சந்தோசப்பட்டார் என்று நான் நினைக்கவில்லை. அந்தக் காட்சியை நாலுபேர் பார்க்கப்போகிறார்கள் என்பதற்காகத்தான்.

மலர் அக்கா மடித்த விரிப்பை மார்போடு அணைத்துக்கொண்டு மெதுவாகச் சொன்னா: "வேண்டாம் அண்ணா. நான் ஒளிச்சு நிண்டு பாத்ததை ஊருக்குக் காட்டவேண்டாம். நாளைக்கு என்ரை பிள்ளைக்கு ஒரு தலையிடி வந்தாலும் என்ரை கண் பட்டது எண்டுதான் சொல்லுவினம். அழிக்கச் சொல்லு."

"உனக்கு ஒண்டும் விளங்காது மலர், இது ஆர்ட்" என்றார் சிறி அண்ணை. ஆமாம், சிறி அண்ணைதான் சொன்னார்.

தனாசிஸ் என்னைப் பார்த்தார். மலர் அக்கா சொன்னதைச் சொல்லு என்றார். சொன்னேன், ஒரு சொல்லும் குறைக்காமல், கூட்டாமல். வாடிக்கையாளர் சொல்வதைச் செய்தாலும் அவர் மனதால் ஒருநாளும் அதை மதித்ததில்லை என்பது எனக்குத் தெரியும். கன்னத்துக்காக வந்த தாயையும், ஒன்றும் தெரியவில்லை என்ற பேரப்பிள்ளைகளையும் முட்டாள்கள் என்றவர். இது அவர் பல வருடங்களில் எடுத்த ஆகச் சிறந்த காட்சி என்பதும் எங்கள் இருவருக்கும் தெரியும். அவர் கமராவை மலர் அக்காவின் முகத்துக்கு நேரே பிடித்தார், அவவுக்குத் திரை நன்றாகத் தெரியும்படி. காட்சியைத் தெரிவு செய்தார். நிச்சயமா என்று கமரா கேட்டது. அவர் விரலால் அவவிடம் கேட்டார். அவ ஓமென்று தலையை ஆட்டினா. அழித்தார்.

சிறி அண்ணை கார்த் திறப்பை எடுத்தார். பிறகு என்னிடம் சொன்னார், தனாசிசிடம் அல்ல: "தாலிகட்டும் இல்லை, இதுவும் இல்லை. திங்கக்கிழமை வரவேண்டாம் எண்டு சொல்லும்." நான் வாயைத் திறக்கமுன் தனாசிஸ் "ஓம்" என்றுவிட்டார். அந்தச் சொல் மட்டும் அவருக்குச் சுத்தமாக வந்தது.

சிறி அண்ணை காரை எடுத்துக்கொண்டு போனார். மலர் அக்கா விரிப்புகளை அலுமாரியில் வைத்துப் பூட்டி, திறப்பை ஹோல்காரரிடம் கொடுத்துவிட்டு, பஸ்ஸுக்கு நடந்தா. வாசலில் நானும் தனாசிசும் மட்டும். ஏதாவது சொல்லவேண்டும் என்று நினைத்து, அருமையான காட்சி என்று முணுமுணுத்தேன். அவர் லென்சுப் பையின் வாரை இறுக்கிக்கொண்டு, என் கண்ணைப் பார்க்காமல் சொன்னார்: "ஃபோகஸ் கொஞ்சம் விலகியிருந்தது, எப்படியும் நான் வைத்திருக்கமாட்டேன்."

தாலிகட்டுக்குப் பதிலாகக் கதிரை மாமாவின் போன் படத்தை ஒட்டி நாங்கள் ஒப்படைத்த, "நல்ல கிளியராக் கிடக்கு" என்று இன்றுவரை எல்லாரும் மெச்சுகிற அந்தக் கலியாண வீடியோவின் ஐரோப்பிய சினிமாத் தர ஒளிப்பதிவாளர், பையைத் தோளில் போட்டுக்கொண்டு, பொபினிச் சோபாவை நோக்கி நடந்து போனார்.